எல்லை தாண்டிய குரல்: பி. சரோஜாதேவியும் லிவ் உல்மனும்

(ஓசூரில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



இந்தச் சொற்பொழிவுக்கு அழைக்கும்போதே அறக்கட்டளையினர் ஒரு நிபந்தனையைச் சொல்லிவிட்டார்கள். எடுத்துக்கொள்ளும் பொருள் மாநில எல்லையில் ஜூஜுவாடிக்கு இந்தப் பக்கம் இருப்பவருக்கும் அத்திப்பள்ளிக்கு அந்தப் பக்கம் இருப்பவருக்கும் சொந்தமானதாக இருக்க வேண்டும். நான் சினிமாவை எடுத்துக்கொண்டேன். தமிழ்த்துறை மேடையில் நடிகையைப் பற்றியா என்று ஒரு நண்பர் தொலைபேசியிலேயே முகம் சுளித்தார். சுளித்தது குரலில் தெரிந்தது. இன்றைய பேச்சும் குரலைப் பற்றியதுதான் என்பதால் அதைக் குறித்து வைத்துக்கொண்டேன்.

1938ஆம் ஆண்டு இரண்டு பெண் குழந்தைகள் பிறந்தன. ஒன்று ஜனவரி 7 அன்று பெங்களூரில், பைரப்பா என்ற போலீஸ்காரருக்கும் ருத்ரம்மாவுக்கும். இன்னொன்று அதே ஆண்டு டிசம்பர் 16 அன்று டோக்கியோவில், அங்கே வேலையாயிருந்த நார்வேக்காரப் பொறியாளர் ஒருவருக்கு. முதல் குழந்தை பி. சரோஜாதேவி. இரண்டாவது லிவ் உல்மன். இருவரும் ஒருவரையொருவர் சந்தித்ததாக எந்தக் கதையும் கிடையாது. ஆனால் இருவருக்கும் ஒரே மாதிரி ஒன்று நேர்ந்தது. தாய்மொழியில் நடிக்கத் தொடங்கி, பக்கத்து வீட்டு மொழியில் பெரும்புகழ் பெற்றார்கள். கன்னடத்துப் பெண் தமிழில். நார்வேக்காரப் பெண் ஸ்வீடிஷில்.

பக்கத்து வீட்டு மொழியில் பேசிப் பிழைப்பது எப்படி இருக்கும் என்று ஓசூர்க்காரர்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை. 1956 நவம்பர் 1 அன்று மொழிவாரியாக மாநிலங்களைப் பிரித்தபோது இந்தப் பகுதி சென்னை மாநிலத்தின் சேலம் மாவட்டத்தோடு நின்றது. பிறகு 1965இல் தர்மபுரி மாவட்டம், 2004இல் கிருஷ்ணகிரி மாவட்டம். கோடு காகிதத்தில் நேராகத்தான் விழுந்தது. தளியிலும் தேன்கனிக்கோட்டையிலும் பாகலூரிலும் வீட்டுக்குள் தெலுங்கோ கன்னடமோ பேசி, சந்தையில் தமிழ் பேசி, பெங்களூர் மெஜஸ்டிக்கில் இறங்கியதும் மறுபடி கன்னடத்துக்கு மாறும் குடும்பங்கள் எத்தனையோ. 2006இல் தமிழ் கற்றல் சட்டம் வந்து, பத்தாம் வகுப்பு வரை தமிழ் கட்டாயப் பாடம் ஆனபோது, இந்த வட்டாரத்தில் கன்னடமும் தெலுங்கும் உருதும் படித்துக்கொண்டிருந்த பிள்ளைகள் என்ன பாடுபட்டார்கள் என்பது இங்கிருக்கும் ஆசிரியர்களுக்குத் தெரியும். பிள்ளைகளுக்குத் தமிழ் தெரியாமல் இல்லை. அவர்கள் பேசிய தமிழுக்கு விடைத்தாளில் இடம் இல்லாமல் இருந்தது.

சரோஜாதேவியைக் கண்டெடுத்தவர் ஹொன்னப்ப பாகவதர். அவரும் இந்தக் கதைக்குப் பொருத்தமானவர். கன்னடக்காரர், நாடக மேடைப் பாடகர். நாற்பதுகளில் ‘பர்மா ராணி’, ‘ஸ்ரீ முருகன்’ என்று தமிழ்ப் படங்களில் கதாநாயகன். ஒரு விழாவில் பள்ளிச் சிறுமியாக சரோஜாதேவி பாடியதைக் கேட்டுத்தான் அவரைச் சினிமாவுக்கு அழைத்தார் என்பார்கள். பாட்டுக்காக அழைக்கப்பட்டவர் பிற்காலத்தில் பிறர் பாடிய பாட்டுக்கெல்லாம் வாயசைத்தே காலத்தைக் கழித்தார். சினிமா இப்படித்தான் வேடிக்கை காட்டும். 1955இல் ‘மகாகவி காளிதாச’ என்ற கன்னடப் படம் வந்தது. பாகவதர் காளிதாசன், சரோஜாதேவி கதாநாயகி. அப்போது வயது பதினேழு.

பெங்களூரில் பிறந்த நடிகை சென்னைக்கு வந்தது ஏன் என்றால், கன்னடப் படமே அன்று பெரும்பாலும் சென்னை ஸ்டூடியோக்களில்தான் தயாரானது. ஒரே கோடம்பாக்கத்தில் காலையில் தெலுங்கு, மதியம் கன்னடம், இரவு தமிழ். பி. ஆர். பந்துலுவை எடுத்துக்கொள்ளுங்கள். கோலார்ப் பக்கத்துக்காரர். அவர்தான் தமிழர்களுக்கு ‘வீரபாண்டிய கட்டபொம்ம’னையும் ‘கப்பலோட்டிய தமிழ’னையும் எடுத்துத் தந்தவர். அவருடைய பத்மினி பிக்சர்ஸ் தயாரித்து ப. நீலகண்டன் இயக்கிய ‘தங்கமலை ரகசியம்’ 1957இல் வந்தது. அதில் ஒரு நடனக் காட்சியில் வந்துபோனார் சரோஜாதேவி. அம்மா ருத்ரம்மா கூடவே இருந்தார். கையில்லாத ரவிக்கை கூடாது, நீச்சலுடை கூடாது என்று அவர் போட்ட சட்டத்தை எந்தத் தயாரிப்பாளரும் மீறவில்லை.

அடுத்த ஆண்டுதான் ‘நாடோடி மன்னன்’. 1958 ஆகஸ்ட் 22. எம்.ஜி.ஆர். சொந்தப் பணம் போட்டு, தானே இயக்கி, இரட்டை வேடத்தில் நடித்த படம். முன்பாதியில் நாயகி பி. பானுமதி. இருவருக்கும் ஒத்துப்போகவில்லை. பானுமதியின் பாத்திரம் கதைக்குள்ளேயே இறந்துபோனது. பின்பாதியில் இளவரசி ரத்னாவாக சரோஜாதேவி வந்தார். அவர் வரும் பகுதி வண்ணத்தில் இருந்தது. கறுப்பு வெள்ளையில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் பார்த்துக்கொண்டிருந்த ஜனங்களுக்குத் திடீரென்று திரை நிறம் பிடிக்கிறது, அந்த நிறத்தோடு ஒரு புது முகம் வருகிறது. இதைவிட நல்ல அறிமுகம் எந்த நடிகைக்கும் அமைந்திருக்காது. பானுமதியின் இடத்தை அவர் நிரப்பினார் என்று எழுதுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. பானுமதி எதிராளியைக் கண்ணுக்குக் கண் பார்த்துப் பேசும் நடிகை. அந்த இடம் காலியாகவே இருந்தது. அதற்குப் பக்கத்தில் வேறொரு நாற்காலியைப் போட்டார்கள்.

இங்கே குரலுக்கு வருகிறேன். சரோஜாதேவி தமிழில் தன் சொந்தக் குரலில் பேசினார். பின்னாளில் வடக்கிலிருந்து வந்த நாயகிகளுக்கு ஒருவர் வாயசைக்க இன்னொருவர் பேசுவது வாடிக்கையாகிவிட்டதால் இது இப்போது பெரிய விஷயமாகத் தெரிகிறது. அவர் பேசிய தமிழ் கன்னட வீட்டுத் தமிழ். கன்னடச் சொற்கள் உயிரெழுத்தில் முடிகிறவை. அந்தப் பழக்கத்தில் வளர்ந்த நாக்கு தமிழ் வாக்கியத்தின் கடைசியைச் சட்டென்று மூடாது. கொஞ்சம் இழுத்து, மேலே தூக்கி, அப்படியே விட்டுவிடும். ‘புதிய பறவை’யில் அவர் ‘கோபால்’ என்று கூப்பிடுவதை மேடைக்கு மேடை மிமிக்ரிக்காரர்கள் அறுபது ஆண்டுகளாகச் செய்துகாட்டுகிறார்கள். நடிகரின் ஒரு சொல்லை மட்டும் எடுத்து இவ்வளவு காலம் ஒரு சமூகம் வைத்திருக்கிறதென்றால் அது சொல்லுக்காக இல்லை, சொன்ன விதத்துக்காக.

பத்திரிகைகள் ‘கன்னடத்துப் பைங்கிளி’ என்றன. ‘கொஞ்சும் தமிழ்’ என்றன. பாராட்டுத்தான். ஆனால் கொஞ்சுவது யார்? குழந்தை. வேற்றுமொழிக்காரர் நம் மொழியைக் கொஞ்சம் வளைத்துப் பேசினால் நம் காது அதை மழலையாகக் கேட்கிறது. மழலை இனிக்கிறது. இனிப்பதோடு இன்னொன்றும் நடக்கிறது. பேசுகிறவர் நம் கண்ணில் சின்னவராகிவிடுகிறார். இந்த ஊரில் இப்போது தினம் பார்க்கிறேன். ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்த பையன்கள் தொழிற்சாலை வாசல் டீக்கடையில் தமிழ் பேசுகிறார்கள். கடைக்காரர் சிரிக்கிறார், அன்பாகத்தான். அந்தப் பையன் ஊரில் இரண்டு பிள்ளைகளுக்கு அப்பா, மெஷினில் நான்கு பேருக்கு வேலை சொல்லிக்கொடுக்கிறவன். டீக்கடையில் அவன் ‘தம்பி’. நம்மவர்கள் எல்லைக்கு அந்தப் பக்கம் பொம்மசந்திராவில் கன்னடம் பேசும்போது அவர்களுக்கும் இதே கதிதான்.

1961ஆம் ஆண்டை மட்டும் எடுத்துவைத்துப் பார்த்தால் நான் சொல்வது துலங்கும். அந்த ஆண்டு சரோஜாதேவிக்கு இருபத்து மூன்று வயது. தமிழில் எம்.ஜி.ஆருடன் ‘திருடாதே’, ‘தாய் சொல்லைத் தட்டாதே’, சிவாஜியுடன் ‘பாலும் பழமும்’. தெலுங்கில் என்.டி. ராமராவ் முதன்முதலாக இயக்கிய ‘சீதாராம கல்யாணம்’. அதில் ராமராவ் ராவணன், இவர் மண்டோதரி. அதே ஆண்டு ‘ஜகதேக வீருனி கதா’வில் தேவலோகப் பெண். இந்தியில் ராஜேந்திர குமாருடன் ‘சசுரால்’. இந்திக்கு 1959இலேயே எஸ். எஸ். வாசன் ‘பைகாம்’ படத்தின் மூலம் கூட்டிப்போயிருந்தார். இவ்வளவுக்கும் நடுவில், சொந்த மொழியான கன்னடத்தில், பந்துலு இயக்கத்தில் ‘கித்தூர் சென்னம்மா’.

கித்தூர் சென்னம்மாவை நம் பக்கத்தில் பலருக்குத் தெரியாது. 1824இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் படையை எதிர்த்து நின்ற அரசி. பிடிபட்டு பைலஹொங்கல் கோட்டையில் சிறையிருந்து 1829இல் இறந்தார். நமக்குக் கட்டபொம்மன் எப்படியோ வட கர்நாடகத்துக்கு அவர் அப்படி. ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ எடுத்த அதே கையால் பந்துலு இதையும் எடுத்தார். கணவன் மல்லசர்ஜனாக ராஜ்குமார், மூத்தாளாக எம். வி. ராஜம்மா. இந்த ராஜம்மா யாரென்று கேட்டால் ‘கர்ண’னில் குந்தி என்றதும் நீங்கள் கண்டுகொள்வீர்கள். நாயகி சென்னம்மாவாக சரோஜாதேவி. கச்சை கட்டி, வாள் பிடித்து, அவையில் எழுந்து நின்று வரி கேட்பவனுக்குப் பதில் சொல்லும் பெண். இழுத்தலும் இல்லை, கொஞ்சலும் இல்லை. கன்னட வாக்கியங்கள் முழுசாக, முடிவோடு வந்து விழுகின்றன.

ஒரே ஆண்டு, ஒரே நடிகை. தாய்மொழியில் அரசி, தெலுங்கில் இலங்கேசுவரனின் பட்டத்தரசி, தமிழில் பைங்கிளி. திறமையின் அளவு மொழிக்கு மொழி மாறிவிடுமா? கேட்பவர்களின் காதுதான் மாறியது. அந்தக் காதுக்கு ஏற்ற பாத்திரங்களை எழுதினார்கள். தமிழில் அவருக்கு ஏன் கூடுதலாக அழுத்தமான வேடங்கள் வரவில்லை என்று விமர்சகர்களைக் கேட்டால், பொம்மை போன்ற முகம் என்று பதில் சொல்லிவிட்டுப் போவார்கள். அதே முகம்தான் கித்தூர்க் கோட்டையிலும் நின்றது.

எல்லாத் தமிழ் இயக்குநர்களும் அப்படி இல்லை. ஸ்ரீதர் தன் முதல் படமான ‘கல்யாண பரிசு’க்கு 1959இல் இவரை வசந்தியாக்கினார். அக்காவுக்குக் காதலனை விட்டுக்கொடுக்கும் தங்கை. அழுது தீர்க்க வேண்டிய காட்சிகளில் ஸ்ரீதர் அவரைச் சும்மா நிற்கவிட்டார். பேச்சு குறைந்த இடங்களில் சரோஜாதேவி எவ்வளவு நல்ல நடிகை என்பது முதலில் தெரிந்தது அங்கேதான். பீம்சிங் ‘பாலும் பழமும்’ படத்தில் வேறு வழியில் போனார். நர்ஸ் சாந்தி, புற்றுநோய்க்கு மருந்து தேடும் டாக்டரை மணக்கிறாள். காசநோய் வந்ததும் அவருடைய ஆராய்ச்சி கெடக் கூடாதென்று விலகிப் போகிறாள். இறந்துவிட்டாள் என்று நினைத்து அவர் மறுமணம் செய்கிறார், பார்வையை இழக்கிறார். அவள் வேறு பெயரில் நர்ஸாகத் திரும்பி வந்து பணிவிடை செய்கிறாள். கண் தெரியாதவருக்குக் குரலைத் தவிர எதிரில் இருப்பவர் யாரென்று அறிய வழி ஏது? தன் குரலைத் தானே ஒளித்துக்கொள்ள வேண்டிய மனைவியாக, தமிழ்நாட்டிலேயே எளிதில் அடையாளம் தெரியும் குரல்காரியை நடிக்க வைத்தார் பீம்சிங். தெரிந்து செய்தாரோ தெரியாமல் செய்தாரோ, அந்தத் துணிச்சல் எனக்குப் பிடிக்கும்.

இதன் உச்சம் ‘புதிய பறவை’. சிவாஜி பிலிம்ஸ் தயாரிப்பு, தாதா மிராசி இயக்கம், 1964 செப்டம்பர் 12. ‘சேஷ அங்க’ என்ற வங்காளப் படத்திலிருந்து வந்த கதை, அதற்கும் மூலம் ஓர் ஆங்கிலப் படம். கதை வந்த வழியை விடுங்கள். கோபால் என்ற பணக்காரன் கப்பலில் லதாவைச் சந்திக்கிறான். அவளும் அவள் தந்தையும் ஊட்டி பங்களாவில் விருந்தாளிகளாகத் தங்குகிறார்கள். காதல் முற்றிக் கல்யாணம் வரை வந்த நேரத்தில், இறந்துபோன முதல் மனைவி சித்ரா நானே என்று ஒருத்தி வந்து நிற்கிறாள். இவள் சித்ரா இல்லை, இல்லவே இல்லை என்று கோபால் துடிக்கிறான். எப்படி அவ்வளவு நிச்சயமாகச் சொல்கிறாய் என்ற கேள்விக்குக் கடைசியில் உண்மை வெடிக்கிறது: அவள் செத்தது தன் கையால். சொல்லி முடித்ததும் லதா எழுகிறாள். அவள் போலீஸ். தந்தையாக வந்த வி. கே. ராமசாமி போலீஸ். எம். ஆர். ராதாவும்தான்.

முதல் தடவை பார்க்கிறவர் யாரும் லதாவைச் சந்தேகிப்பதில்லை. ஏன்? அந்தக் குரலைச் சந்தேகிக்கத் தோன்றாது. ஆறு ஆண்டுகளாக நாம் செல்லமாகக் கேட்டுப் பழகிய குரல். இழுத்து இழுத்து ‘கோபால்’ என்று கூப்பிடும் இந்தப் பெண்ணுக்குள் ஓர் அதிகாரி உட்கார்ந்து குறிப்பு எடுத்துக்கொண்டிருப்பாள் என்று எப்படி நினைப்பது? கோபால் ஏமாந்தான், நாமும் ஏமாந்தோம், ஒரே காரணத்தால். உண்மை வெளிப்பட்ட பிறகு அவர் பேசும் சில வரிகளைக் கவனியுங்கள். குரல் அதே குரல்தான். இழுப்பு குறைந்திருக்கிறது. வாக்கியங்கள் முடிகின்றன. கடமைக்காகப் பழகியவள், பழக்கத்தில் உண்மையாகவே காதலித்துவிட்டவள் என்ற இரண்டையும் அந்த ஒரு நிமிடத்தில் காட்ட வேண்டும். எதிரில் சிவாஜி கணேசன் உடைந்து அழுதுகொண்டிருக்கிறார். அந்த அழுகைக்குப் பக்கத்தில் நின்று கவனத்தை இழுப்பது எந்த நடிகருக்கும் எளிதில்லை. அவர் குரலைத் தாழ்த்தி அதைச் செய்தார். போலீஸ்காரரின் மகள் வாழ்நாளின் மிகச் சிறந்த வேடத்தில் போலீஸாக நடித்திருக்கிறார் என்பது தற்செயல்தான், ஆனாலும் சொல்லாமல் விட மனம் வரவில்லை.

எம்.ஜி.ஆருடன் நடித்த படங்கள் இருபத்தாறு. ‘படகோட்டி’, ‘எங்க வீட்டுப் பிள்ளை’ என்று பட்டியலை நீங்களே சொல்வீர்கள். அவற்றில் பெரும்பாலானவற்றில் நாயகிக்கு வேலை, நாயகனை நம்பாமல் இருந்து பிறகு நம்புவது. ‘அன்பே வா’வை மட்டும் தனியே வைப்பேன். 1966 பொங்கலுக்கு ஏவி.எம். எடுத்தது, ஏ. சி. திருலோகசந்தர் இயக்கம், சிம்லா. அதில் அவர் எம்.ஜி.ஆரோடு சண்டை போடுகிறார். சரிசமமாக, நேரம் தவறாமல், ஒரு வார்த்தைக்கு இரண்டு வார்த்தை. நகைச்சுவைக்கான தாளம் அவரிடம் இருந்ததை எம்.ஜி.ஆர். படங்கள் அவ்வளவு தாமதமாகப் பயன்படுத்தியது நஷ்டம். கண்டியில் பிறந்த மலையாளக் குடும்பத்துப் பிள்ளையும் பெங்களூரில் பிறந்த கன்னடப் பெண்ணும் சேர்ந்துதான் தமிழ் ஜனங்களின் கனவு ஜோடியாக இருந்தார்கள். இதில் ரசிகர்கள் ஒரு குறையும் காணவில்லை.

நார்வேக்குப் போவோம். அந்த நாடும் ஸ்வீடனும் 1905 வரை ஒரே அரசரின் கீழ் இருந்தவை. ஒருவர் பேசுவது மற்றவருக்குப் பெரும்பாலும் புரியும். புரியும் தூரத்தில் இருப்பதால்தான் வித்தியாசம் காதில் உறுத்தும். லிவ் உல்மனின் தந்தை அவர் சிறுமியாக இருக்கும்போதே இறந்துவிட்டார். ட்ரோன்ஹைம் நகரத்தில் வளர்ந்தார். ஸ்டாவாங்கர் நாடக மேடையில் ஆன் பிராங்காக நடித்துப் பேர் வாங்கி, நார்வே படங்களில் சில ஆண்டுகள் நடித்தார். பிறகு ஸ்வீடிஷ் இயக்குநர் இங்மர் பெர்க்மன் ‘பெர்சோனா’வுக்கு அழைத்தார். 1966. நம்மூரில் ‘அன்பே வா’ வந்த அதே ஆண்டு. இரண்டையும் ஒரே மூச்சில் சொல்வதற்கு எனக்குக் கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கிறது, ஆனால் ஆண்டு அதுதான்.

‘பெர்சோனா’வில் உல்மனுக்கு என்ன வேடம் தெரியுமா? மேடையில் எலெக்ட்ராவாக நடித்துக்கொண்டிருக்கும்போது திடீரென்று பேச்சை நிறுத்திவிடும் நடிகை. உடம்பில் கோளாறு இல்லை. பேசுவதில்லை என்று ஆகிவிட்டது. அவளைக் கவனிக்கும் நர்ஸாக பீபி ஆண்டர்சன் பேசிக்கொண்டே இருக்கிறார். படம் முழுக்க உல்மன் சொல்லும் வார்த்தைகளை விரல்விட்டு எண்ணலாம். மொழிச் சிக்கலைச் சமாளிக்க பெர்க்மன் அப்படி எழுதினார் என்று நான் சொல்லவரவில்லை. இரண்டு நடிகைகளின் முகச் சாயலிலிருந்துதான் அவருக்கு அந்தப் படம் பிறந்தது. ஆனால் வேற்றுமொழி நடிகை எதிர்கொள்ளும் முதல் கேள்வியே, உச்சரிப்பு என்ன ஆகும் என்பதுதான். உல்மனின் அறிமுகத்தில் அந்தக் கேள்வி எழவே இடம் இல்லாமல் போனது. கேட்க ஒன்றும் இல்லாததால் ஜனங்கள் முகத்தைப் பார்த்தார்கள். மிக அருகில், மிக நீளமாக. அந்த முகத்தை உலகம் இன்னும் பார்த்துக்கொண்டிருக்கிறது.

அதன் பிறகு உல்மன் வாயைத் திறந்தபோது ஸ்வீடிஷ்காரர்கள் கேட்கத் தயாராக இருந்தார்கள். 1971இல் யான் த்ரொயல் இயக்கிய ‘குடியேறிகள்’ படத்தில், பஞ்சம் பிழைக்க அமெரிக்காவுக்குக் கப்பலேறும் ஸ்வீடன் நாட்டு விவசாயக் குடும்பத்துத் தலைவி அவர்தான். ஸ்வீடிஷ் மண்ணின் கதைக்கு நார்வே நடிகை. அந்த வேடத்துக்கு ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. 1976இல் ‘முகத்துக்கு முகம்’ படத்துக்காக இன்னொன்று. பிறகு அவர் செய்ததுதான் எனக்கு முக்கியம். எழுதினார். தன் வரலாற்று நூல் ஒன்று பல மொழிகளில் போனது. இயக்கினார். 1992இல் ‘சோஃபி’, 2000இல் பெர்க்மனின் எழுத்தை வைத்தே ‘நம்பிக்கைத் துரோகம்’. மற்றவர்கள் எழுதிய வேடத்துக்குக் காத்திருக்காமல் வேடம் எழுதும் பக்கத்துக்குப் போய்விட்டார். 2022இல் கௌரவ ஆஸ்கர் வாங்கினார்.

சரோஜாதேவிக்கு அந்த வாசல் திறக்கவில்லை. 1967 ஜனவரியில் எம்.ஜி.ஆர். சுடப்பட்டார், பிப்ரவரித் தேர்தலில் ஆட்சி மாறியது, மார்ச் 1 அன்று சரோஜாதேவி பொறியாளர் ஸ்ரீஹர்ஷாவை மணந்தார். மே மாதம் வந்த ‘அரச கட்டளை’தான் எம்.ஜி.ஆருடன் கடைசிப் படம். அதே படத்தில் இன்னொரு நாயகியும் இருந்தார்: மேலுகோட்டையில் பிறந்த ஜெயலலிதா. பந்துலுவின் கன்னடப் படத்தில் நடித்து, ஸ்ரீதரின் தமிழ்ப் படத்தில் அறிமுகமானவர். சரோஜாதேவிக்கு வாய்த்த அதே இரண்டு கைகள். ஒரே பாதையில் வந்த இரண்டாவது பயணி. ஜெயலலிதா தமிழை உறுதியாக, ஓசை பிசகாமல் பேசினார். அவரை யாரும் பைங்கிளி என்று சொல்லவில்லை. அவருடைய மற்ற கதையை இந்த அரங்கில் சொல்ல வேண்டியதில்லை.

திருமணத்துக்குப் பிறகும் சரோஜாதேவி நடிப்பை விடவில்லை. புட்டண்ண கனகால் இயக்கிய ‘மல்லம்மன பவாட’ 1969இல், ‘பப்ருவாகன’ 1977இல், இரண்டிலும் ராஜ்குமார். 1964இலேயே ‘அமரசில்பி ஜகணாச்சாரி’ என்ற முதல் முழுநீளக் கன்னட வண்ணப் படத்தின் நாயகியாக இருந்தவர் அவர். வண்ணத்தோடு வருவது அவருக்கு வழக்கம்போல. 1969இல் பத்மஸ்ரீ, 1992இல் பத்மபூஷண். கணவர் 1986இல் காலமானார். தேசியத் திரைப்பட விருதுக் குழுவுக்கு இரண்டு முறை தலைமை வகித்தார். 2009இல் ‘ஆதவன்’ படத்தில் அவரைப் பார்த்த இளைஞர்களுக்கு அவர் மிமிக்ரியில் கேட்ட குரலின் சொந்தக்காரராகத்தான் தெரிந்தார். அதே இழுப்பு. தமிழில் ஐம்பது ஆண்டுகள் கழித்தும் அவர் அதைத் திருத்திக்கொள்ளவில்லை, யாரும் திருத்தச் சொல்லவும் இல்லை.

சினிமா இரண்டு மாநிலங்களையும் பாலம் போட்டு இணைக்கிறது என்று இந்த இடத்தில் சொல்வது மேடை வழக்கம். என்னால் முடியாது. 1991 டிசம்பரில் காவிரித் தீர்ப்பை ஒட்டி பெங்களூரில் தமிழர்கள் தாக்கப்பட்டபோது, கையில் கிடைத்ததை எடுத்துக்கொண்டு இந்த ஊர் வழியாகத்தான் வந்தார்கள். அவர்களை அடித்தவர்களும் ராஜ்குமார் படத்தோடு சேர்த்து எம்.ஜி.ஆர். படமும் பார்த்தவர்கள்தான். அதே காவிரிக்காக 2016 செப்டம்பரில் பஸ்கள் எரிந்தன. பந்த் நாளில் ஜூஜுவாடியில் இறக்கிவிடப்பட்டு, மூட்டையைத் தலையில் வைத்து, பிள்ளையை இடுப்பில் வைத்து, அந்தப் பக்கம் நிற்கும் வண்டிக்கு நடந்துபோகிறவர்களை நீங்கள் எல்லோரும் பார்த்திருக்கிறீர்கள். கன்னடத்துப் பைங்கிளியால் அவர்களுக்கு ஒரு பஸ் கிடைக்கவில்லை. ராஜ்குமாரே தமிழ்நாட்டு எல்லைக்குள் தாளவாடிப் பக்கம் காஜனூரில் பிறந்தவர். வேப்பனப்பள்ளிப் பக்கம் நாச்சிக்குப்பத்தைப் பூர்வீகமாகக் கொண்ட குடும்பத்தில் பெங்களூரில் பிறந்த பையன்தான் ரஜினிகாந்த். நடிகர்கள் எந்தப் பக்கத்திலிருந்தும் எந்தப் பக்கத்துக்கும் போகலாம். கூலிக்குப் போகிறவர்களுக்கு அந்தச் சலுகை இல்லை.

2025 ஜூலை 14 அன்று மல்லேஸ்வரம் வீட்டில் சரோஜாதேவி காலமானார். எண்பத்தேழு வயது. கண்கள் தானமாக அளிக்கப்பட்டன. சென்னபட்டணா தாலுகாவில் சொந்தக் கிராமமான தஷாவாராவில் அரசு மரியாதையோடு அடக்கம் செய்தார்கள். செப்டம்பரில் கர்நாடக அரசு அவருக்கு, காலமான பின், கர்நாடக ரத்னா விருதை அறிவித்தது. கன்னடத்தில் அவருக்கு ‘அபிநய சரஸ்வதி’ என்று பட்டம். அவர் மறைந்த அன்று நம் தொலைக்காட்சிகள் நாள் முழுக்க எம்.ஜி.ஆர். பாட்டுகளைப் போட்டன. கன்னடச் சானல்கள் கித்தூர் அரசியைப் போட்டன. நடுவில் இருக்கும் நமக்கு இரண்டும் கிடைக்கும். இது ஓசூருக்கு மட்டும் உள்ள வசதி, இதை நாம் பயன்படுத்துவதில்லை.

ஆகவே இந்த அறக்கட்டளைக்கு ஒரு வேண்டுகோள் வைக்கிறேன். அடுத்த ஆண்டு பேச்சாளருக்கு ஆகும் செலவில் இந்த அரங்கில் ஒரு நல்ல திரையும் ஒலிபெருக்கியும் ஏற்பாடு செய்யுங்கள். முதல் நாள் ‘கித்தூர் சென்னம்மா’. மறுநாள் ‘புதிய பறவை’. வரிசையை மாற்ற வேண்டாம், அரசியைப் பார்த்துவிட்டு வருகிறவர்களுக்கு லதாவின் கொஞ்சலில் முதல் காட்சியிலேயே சந்தேகம் வரும். கன்னடம் தெரியாதவர்களுக்குத் தளியிலிருந்து வரும் மாணவர்கள் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லிக்கொடுப்பார்கள். அவர்கள் தமிழில் சொல்லும்போது யாரும் சிரிக்காமல் கேட்க வேண்டும், அவ்வளவுதான்.